சிவப்புப் புள்ளி வைத்த சொற்கள்

டிசம்பர் 1, ஞாயிறு

நான் வேலை பார்க்கும் மில் டைம் ஆபீஸில் ஒரு பழைய தாமதப் பதிவேடு பயன்படாமல் கிடந்தது. பக்க எண் அச்சிட்ட, தடித்த அட்டை போட்ட பதிவேடு. வீட்டுக்கு எடுத்துவந்துவிட்டேன். இன்றிலிருந்து பிப்ரவரி 9 வரை நடப்பதையெல்லாம் இதில் எழுதப்போகிறேன். நாளை நந்திதா பெரிய ஆளாகி, உன் அப்பன் உனக்கு என்ன செய்தான் என்று யாராவது கேட்டால், எடுத்துக் காட்ட ஆதாரம் வேண்டுமல்லவா?

விஷயம் இதுதான். கோயம்புத்தூரில் சொற்சுடர் அறக்கட்டளை என்று ஒன்று, பள்ளிப் பிள்ளைகளுக்கு அரிய ஆங்கிலச் சொற்கள் போட்டி நடத்துகிறது. மேடையில் ஓர் அட்டையைக் காட்டுவார்கள். அதிலிருக்கும் சொல்லை உரக்கச் சொல்ல வேண்டும், பிறகு அர்த்தம் சொல்ல வேண்டும். மூன்று தப்பு வந்தால் இறங்கிவிட வேண்டும். நந்திதா எட்டாம் வகுப்பு. எனக்கு ஒரே பிள்ளை.

என்னிடம் முப்பது வருடமாகச் சேர்த்த சொல் நோட்டு இருக்கிறது. இருபத்திரண்டு வயதில் ஒரு நேர்முகத் தேர்வுக்குப் போனேன். கண்ணாடி போட்ட ஒருவர், 'ட்ரக்யுலன்ட்' என்றால் என்ன என்று கேட்டார். முழித்தேன். மூன்று பேரும் ஒருவரை ஒருவர் பார்த்துச் சிரித்தார்கள். 'எடுத்ததற்கெல்லாம் சண்டைக்கு நிற்கிற' என்று அர்த்தம். அன்று ஈரோடு பஸ் நிலையத்து நடைபாதையில் ஓர் அகராதி வாங்கினேன். அந்தச் சிரிப்பு இன்னும் காதில் இருக்கிறது. என் பெண்ணைப் பார்த்து எவனும் அப்படிச் சிரிக்கக் கூடாது.

எழுபது நாள், எழுநூறு சொல். தப்புக்கு ஒரு அடி, மர ஸ்கேலால், உள்ளங்கையில். ஒவ்வொரு அடிக்கும் சொல் நோட்டில் அந்தச் சொல்லுக்குப் பக்கத்தில் ஒரு சிவப்புப் புள்ளி. டைம் ஆபீஸில் தாமதமாக வருகிறவனுக்கு வைக்கிற அதே புள்ளிதான். புள்ளி வைக்காமல் எந்த ஜனமும் திருந்தியதில்லை.

டிசம்பர் 2, திங்கள்

பத்துச் சொல். நான்கு புள்ளி.

டிசம்பர் 3, செவ்வாய்

பத்துச் சொல். மூன்று புள்ளி. கேஸ் சிலிண்டர் வந்தது.

டிசம்பர் 8, ஞாயிறு

இன்று ஒரு சொல்லோடு மல்லுக்கட்டு. 'விக்சுவல்ஸ்.' உணவுப் பொருள்கள் என்று அர்த்தம். இவள் 'விட்டில்ஸ்' என்கிறாள்.

"நடுவுல ஒரு 'சி' இருக்குதே, கண்ணு தெரியலையா?"

"அது சத்தம் வராதுங்கப்பா. எஸ்தர் மிஸ் விட்டில்ஸ்னுதான் சொல்லிக்குடுத்தாங்க."

"சத்தம் வராத எழுத்தை எதுக்குடி எழுதி வெக்கறான்? வேலை இல்லாமயா?"

என் அகராதியில் அர்த்தம் மட்டும்தான் உண்டு, உச்சரிப்பு கிடையாது. அது எதற்கு? எழுத்து இருக்கிறது, வாசிக்க வேண்டியதுதான். 'அம்மா' என்று எழுதிவிட்டு யாராவது 'ஆடு' என்று வாசிப்பார்களா? நான்கு முறை விட்டில்ஸ் என்றாள். நான்கு புள்ளி. ஐந்தாவது முறை ஒழுங்காக விக்சுவல்ஸ் என்றாள். கை சிவந்துவிட்டது. இரவுச் சாப்பாட்டை ஸ்பூனால் சாப்பிட்டாள். என் மனைவி பூங்கொடி அதைப் பார்த்துவிட்டு ரசத்தை ஊற்றாமல் நின்றுகொண்டே இருந்தாள்.

டிசம்பர் 11, புதன்

பூங்கொடி நல்லவள்தான். ஆனால் 'லாக்ரிமோஸ்', அதாவது எதற்கெடுத்தாலும் கண்ணீர் விடுகிற ஜாதி. இன்றைக்கு ஸ்கேலை அரிசி டப்பாவுக்குள் ஒளித்து வைத்திருந்தாள். தேடிக் கண்டுபிடிக்க அரை மணி நேரம் வீண். அந்த அரை மணி நேரத்துக்கு அவளுக்கும் இரண்டு கொடுக்க வேண்டியதாயிற்று. தோளில் பட்டது. 'எக்கிமோசிஸ்': தோலுக்கடியில் ரத்தம் கட்டி நிறம் மாறுவது. நாளைய பத்தில் அதையும் சேர்த்தேன்.

டிசம்பர் 15, ஞாயிறு

'சினெக்டோச்.' ஒரு பகுதியைச் சொல்லி முழுமையைக் குறிப்பது. வீட்டில் நாலு தலை என்று சொன்னால் நாலு ஆள் என்று அர்த்தம் வருகிறதே, அது. நந்திதா அதை 'சினெக்டகி' என்றாள். சொல்லிவிட்டு என்னைப் பார்த்த பார்வை எனக்குப் பிடிக்கவில்லை. அந்தக் கண்ணாடி போட்டவரின் பார்வை.

ஸ்கேல் எட்டத்தில் இருந்தது. கையால் ஒன்று கொடுத்தேன். இடது பக்கம். நாற்காலியோடு சாய்ந்துவிட்டாள். என் கை கொஞ்சம் கனம், அது அப்பாவிடமிருந்து வந்தது. அவர் அடித்தால் சுவரில் போய் முட்டித்தான் நிற்போம். நாங்கள் கெட்டா போய்விட்டோம்?

ஒரு புள்ளிதான் வைத்தேன். கையால் அடித்ததற்கு வேறு குறி வைக்கலாமா என்று யோசித்தேன். வேண்டாம், ஒரே முறை இருந்தால்தான் ஒழுங்கு.

டிசம்பர் 16, திங்கள்

காலையில் காதுக்குள் கொய்யென்று சத்தம் கேட்டுக்கொண்டே இருக்கிறது என்றாள். அதற்கு ஒரு சொல் இருக்குமே என்று அகராதியைப் புரட்டினேன். இருக்கிறது! 'டின்னிட்டஸ்.' காதுக்குள் இல்லாத இரைச்சல் கேட்பது. எவ்வளவு அழகாக ஒரு சொல் செய்து வைத்திருக்கிறான். ஐந்து முறை சொல்ல வைத்தேன். ஒரு தப்பும் இல்லை.

டிசம்பர் 20, வெள்ளி

இவளுக்குப் புதிதாக ஒரு பிடிவாதம். இடது பக்கமிருந்து கூப்பிட்டால் திரும்புவதே இல்லை. இரண்டு தரம், மூன்று தரம் கூப்பிட வேண்டும். வேண்டுமென்றே செய்கிறாள். இன்று அதற்கென்று தனியாக மூன்று.

டிசம்பர் 22, ஞாயிறு

பூங்கொடி தலையணை உறையைக் கொண்டுவந்து என் முகத்துக்கு நேரே நீட்டினாள். மஞ்சளாக ஒரு திட்டு.

"ஏனுங்க, புள்ளைக்குக் காதுல சீழ் வடியுதுங்க. ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போலாமுங்க."

"போனா டாக்டர் என்ன கேப்பான்?"

"எப்படி ஆச்சுனு கேப்பாரு."

"நீ என்ன சொல்லுவ?"

உறையை மடித்துக்கொண்டு உள்ளே போனாள். போட்டி முடியட்டும், அப்புறம் பார்க்கலாம். சளி பிடித்தாலும் காது வடியும். 'ஓட்டோரியா' என்று பெயர். நோட்டில் ஏறிவிட்டது.

டிசம்பர் 28, சனி

எஸ்தர் மிஸ் வீட்டுக்கே வந்துவிட்டார். நந்திதாவின் ஆங்கில டீச்சர். முப்பது வயது இருக்கும். கையில் கிறிஸ்துமஸ் கேக் டப்பா. நானும் மரியாதையாகக் காபி போடச் சொன்னேன்.

"சார், தப்பா எடுத்துக்காதீங்க. நந்திதா காட்டின உங்க நோட்ல அர்த்தமெல்லாம் ரொம்ப சரியா இருக்கு. இவ்வளவு வார்த்தை எனக்கே தெரியாது. ஆனா உச்சரிப்பு மட்டும்..."

"உச்சரிப்புக்கு என்ன?"

அவர் பூங்கொடியின் போனை வாங்கி எதையோ தட்டினார். போனுக்குள்ளிருந்து ஒரு வெள்ளைக்காரி 'விட்டில்ஸ்' என்றாள். இன்னொரு தட்டு. 'சினெக்டகி' என்றாள். கப்பல் மேஸ்திரியைக் குறிக்கும் போட்ஸ்வெயினை 'போஸன்' என்றாள். நான் சிரித்தேன். போனில் வருவதெல்லாம் உண்மையென்றால் நாட்டில் புத்தகம் எதற்கு?

நந்திதா எழுந்து மிஸ்ஸின் இடது பக்கம் போய், தன் வலது காது அவர் பக்கம் இருக்கும்படி உட்கார்ந்தாள். மிஸ் அதைக் கவனித்தார். போகும்போது வாசலில் நின்று மெதுவாகச் சொன்னார்.

"சார், நந்திதாவுக்கு இடது காது கேக்கலைன்னு நினைக்கிறேன். கிளாஸ்லயும் பார்த்தேன். டாக்டர்கிட்ட காட்டுங்க. இல்லைன்னா நான் ஹெச்.எம். கிட்ட சொல்ல வேண்டியிருக்கும்."

சரிங்க மிஸ் என்று கும்பிட்டு அனுப்பினேன்.

அதன் பிறகு போன் உடைந்துவிட்டது. பூங்கொடி பாத்ரூமில் வழுக்கி விழுந்து மணிக்கட்டில் அடி.

டிசம்பர் 29, ஞாயிறு

நேற்று எழுதியதைப் படித்துப் பார்த்தேன். பதிவேட்டில் பொய் எழுதக் கூடாது. டைம் ஆபீஸில் நான் ஒரு நிமிடம்கூடக் கூட்டியோ குறைத்தோ எழுதியதில்லை.

போன் தானாக உடையவில்லை. ஆட்டுக்கல் மேல் வைத்துக் குழவியால் நான்கு போடு போட்டேன். பூங்கொடி துண்டுகளைப் பொறுக்கி எடுத்துக்கொண்டு, "இந்த ஒண்ணுலதான் எங்கண்ணங்கிட்டப் பேசிட்டிருந்தேன்" என்றாள். எழுந்து பிள்ளையைக் கூட்டிக்கொண்டு கிளம்பப் பார்த்தாள். கதவை அடைத்தேன். அவள் கை நிலைக்கும் கதவுக்கும் நடுவில் இருந்தது. இருப்பது தெரிந்தும் அடைத்தேனா, தெரியாமல் அடைத்தேனா என்று கேட்டால் எனக்கே தெளிவாகச் சொல்ல வரவில்லை. தென்னை மட்டை முறிகிற மாதிரி சத்தம் கேட்டது. நந்திதா கத்தவில்லை. அவள் தன் வாயை இரண்டு கையாலும் பொத்திக்கொண்டு நின்றாள்.

எலும்புக்கட்டு வைத்தியரிடம் போய் மூங்கில் பத்தை வைத்துக் கட்டிக்கொண்டு வந்தோம். அவரிடம் வழுக்கி விழுந்ததாகத்தான் சொன்னோம். மணிக்கட்டுக்கு மேலே முறிந்தால் 'கோலஸ் ஃபிராக்சர்'. மருத்துவச் சொற்கள் பகுதியில் இருக்கிறது.

டிசம்பர் 31, செவ்வாய்

பத்துச் சொல். இரண்டு புள்ளி. சமையல் நான். குழம்பில் உப்பு அதிகம்.

ஜனவரி 3, வெள்ளி

மில்லில் சின்னராசு என்று ஒரு பொடிப்பயல், ஸ்பின்னிங்கில் வேலை. ஏழு நிமிடம் தாமதம். புள்ளி வைத்தேன். "டிக்சனரி, கொஞ்சம் பார்த்து வெய்யிங்க, மை தீர்ந்துறப் போவுது" என்றான். வரிசையில் நின்ற அத்தனை பேரும் சிரித்தார்கள்.

மேஜை மேல் இருந்த பஞ்சிங் மெஷினை எடுத்து வீசினேன். அவன் நெற்றியில் நான்கு தையல். எனக்கு மெமோ. விளக்கக் கடிதத்தை ஆங்கிலத்திலேயே எழுதினேன். ஒரு பக்கத்தில் பதினெட்டு அரிய சொற்கள். மேனேஜர் கூப்பிட்டு, "ரத்தினசபாபதி, இதுக்கெல்லாம் என்னய்யா அர்த்தம்? அடிச்சியா இல்லையா, அதை மட்டும் சொல்லு" என்றார். அவரால் ஒரு வரியைக்கூடத் தாண்ட முடியவில்லை. கடைசியில் சின்னராசுவிடம் மன்னிப்புக் கேட்கச் சொல்லி, ஒரு வாரம் சஸ்பென்ஷனோடு விட்டுவிட்டார். நல்லதாகப் போயிற்று. முழு நாளும் நந்திதாவோடு இருக்கலாம்.

ஜனவரி 6, திங்கள்

பள்ளிக்கு அனுப்பவில்லை. அம்மை போட்டிருக்கிறது என்று லீவு லெட்டர் கொடுத்துவிட்டேன். எஸ்தர் மிஸ் இனிமேல் வாசல்படி மிதிக்க மாட்டார்.

ஜனவரி 7, செவ்வாய்

எதிர்வீட்டுச் சேவலுக்கு நேரம் காலம் கிடையாது. காலைப் பாடம் ஆரம்பித்ததும் சுவரில் ஏறி நின்று கூவும். நந்திதா ஒரு சொல் சொல்வாள், அது ஒன்று கூவும், அவள் உதட்டோரத்தில் சிரிப்பு வந்துவிடும். இன்று 'போர்பரிக்மஸ்'. வயிறு பசியில் இரைவது. அவள் 'போர்' என்றதும் அது கொக்கரக்கோ என்றது. அவள் வாய்விட்டே சிரித்துவிட்டாள். இந்த வீட்டில் ஒரு மாதத்துக்குப் பிறகு கேட்ட சிரிப்பு. எனக்கோ அந்த மூன்று பேர் சிரித்ததுதான் கேட்டது.

வெளியே போய் அதைப் பிடித்தேன். சாதாரணமாகக் கைக்கு வராத சேவல், இன்று தானாக வந்து மாட்டிக்கொண்டது. ஒரே திருகு. உடம்பு கையில் வெகுநேரம் துடித்துக்கொண்டிருந்தது. திரும்பினால் நந்திதா வாசலில் நிற்கிறாள். அவளுக்கு முன்னாலேயே சுவருக்கு அந்தப் பக்கம் வீசினேன். சட்டையில் ரத்தம். துவைத்தும் போகவில்லை.

ஜனவரி 8, புதன்

பத்துச் சொல். புள்ளி இல்லை.

ஜனவரி 9, வியாழன்

பத்துச் சொல். புள்ளி இல்லை.

ஜனவரி 10, வெள்ளி

புள்ளி இல்லை. பழைய சொல் பத்தையும் சேர்த்து இருபதாக உயர்த்தினேன். அதற்கும் இல்லை!

ஜனவரி 15, புதன்

பொங்கல். பூங்கொடி ஒற்றைக் கையால் பானையை இறக்கினாள். நந்திதா கரும்பைத் தொடவில்லை.

சேவலுக்குப் பிறகு இவள் ஆளே மாறிவிட்டாள். எந்தச் சொல்லைக் கேட்டாலும் டக்கென்று வருகிறது. நான் எழுதி வைத்தபடி, ஒரு எழுத்து பிசகாமல். விக்சுவல்ஸ், சினெக்டோச், போட்ஸ்வெயின். அந்தச் சொற்களைத் தவிர வேறு பேச்சே இல்லை. சாப்பிடு என்றால் சாப்பிடுகிறாள். தூங்கு என்றால் படுக்கிறாள். என் முறைக்கு இதைவிட வேறு அத்தாட்சி வேண்டுமா? ஆனால் ஒன்று, எனக்குத் தெரிந்து ஒரு வாரமாக அவள் என்னை 'அப்பா' என்று கூப்பிடவில்லை. போட்டி முடிந்ததும் சரியாகிவிடும். ஊட்டிக்குக் கூட்டிப்போகலாம்.

ஜனவரி 21, செவ்வாய்

பூங்கொடியின் அண்ணன் தங்கமுத்து காங்கேயத்திலிருந்து வந்தார். போன் ஏன் போகவில்லை என்று கேட்கத்தான் வந்தாராம். தங்கையின் கையைப் பார்த்தார்.

"என்ன மாப்ள இது?"

"வழுக்கிட்டா மச்சான்."

"நெசமா வழுக்கித்தான் விழுந்தாளா?" என்று நந்திதாவிடம் கேட்டார். அவர் அவளுக்கு இடது பக்கம் நின்றிருந்தார். அவள் திரும்பவில்லை. அவர் என்னையும் அவளையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, என் சட்டைக் காலரைப் பிடித்துத் தூக்கினார். அவர் கையை உதறிக்கொண்டு ஓடி, சமையலறையிலிருந்து நான் அரிவாள்மணையை எடுத்தேன். நடுவில் பூங்கொடி வந்து நின்றாள். கட்டுப்போட்ட கையை நீட்டிக்கொண்டு, "நீ போ அண்ணா. போட்டி முடியற வரைக்கும் போ. புள்ள சொல்லிருக்கறா" என்றாள். அவர் அழுதுகொண்டே போனார்.

பிள்ளை என்ன சொல்லியிருக்கிறாள்? கேட்டேன். ஜெயித்துக் காட்டுவதாகச் சொன்னாளாம். எனக்கு நெஞ்சே நிறைந்துவிட்டது.

ஜனவரி 26, ஞாயிறு

சொல் நோட்டைப் புரட்டிக்கொண்டிருந்தேன். என் ஒவ்வொரு சிவப்புப் புள்ளிக்குப் பக்கத்திலும் பென்சிலால் சின்னதாகத் தேதி போட்டிருக்கிறாள் நந்திதா. கை என்றால் கை, கன்னம் என்றால் கன்னம் என்றுகூடக் குறித்திருக்கிறாள். எக்கிமோசிஸுக்குப் பக்கத்தில் 'அம்மா, தோள்'. கோலஸ் ஃபிராக்சருக்குப் பக்கத்தில் 'அம்மா, கதவு'.

என்ன ஒரு ஒழுங்கு! என் ரத்தம் அல்லவா? டைம் ஆபீஸ்காரன் பெண் டைம் ஆபீஸ்காரியாகத்தான் இருப்பாள். ஒன்றும் பார்க்காதது போல நோட்டை இருந்த இடத்திலேயே வைத்துவிட்டேன்.

பிப்ரவரி 8, சனி

எழுநூறும் முடிந்தது. அவளுடைய யூனிஃபார்மை நானே இஸ்திரி போட்டேன். கடைசி நேரத்தில் ஒரு பார்வை பார்த்துக்கொள்ளட்டும் என்று சொல் நோட்டை அவள் பையில் நானே வைத்தேன். பூங்கொடியும் வரட்டும், தாயும் தகப்பனுமாக உட்கார்ந்திருந்தால்தான் மேடையில் பார்க்க நன்றாயிருக்கும்.

பிப்ரவரி 10, திங்கள்

வீட்டில் நான் மட்டும். காலை ஒன்பதரை. நேற்று நடந்ததை வரிசையாக எழுதுகிறேன்.

கோயம்புத்தூரில் பெரிய மண்டபம். ஐந்நூறு பேர் இருப்பார்கள். நாங்கள் இரண்டாவது வரிசை. எஸ்தர் மிஸ் முதல் வரிசையில் உட்கார்ந்திருந்தார். நான் பார்க்கவில்லை என்று வைத்துக்கொண்டேன். மேடையில் முப்பது பிள்ளைகள். நடுவராக ஓய்வுபெற்ற பேராசிரியர் அம்மா ஒருவர், லலிதாங்கி என்று பெயர்.

நந்திதாவுக்கு முதல் அட்டை அதே விக்சுவல்ஸ். மைக்கைப் பிடித்துக்கொண்டு தெளிவாக, "விட்டில்ஸ்" என்றாள்.

என் கை தானாக மேலே போய்விட்டது. பக்கத்தில் உட்கார்ந்திருந்தவர் ஒதுங்கினார். தப்பு, தப்பு என்று முணுமுணுத்தேன். நடுவர், "வெரி குட், மீனிங்?" என்றார். உணவுப் பொருள்கள் என்றாள். மணி அடித்தது. சரியான விடைக்கு அடிக்கிற மணி.

அடுத்தது 'சினெக்டகி'. மணி. அடுத்தது 'போஸன்'. மணி. 'பிதிசிஸ்' என்று நான் முப்பது வருடமாகச் சொல்லிவந்த காசநோயை 'தைசிஸ்' என்றாள். அதற்கும் மணி. ஒரு மாதமாக வீட்டில் ஒரு மாதிரி சொல்லிக்கொண்டு, மனதுக்குள் வேறு மாதிரி வைத்திருந்திருக்கிறாள். ஒவ்வொரு மணிக்கும் எனக்கு நோட்டின் பக்கம் கண் முன்னால் வந்தது. அந்தச் சொல்லுக்கு எத்தனை புள்ளி வைத்தேன் என்று வந்தது. விக்சுவல்ஸுக்கு நான்கு. சினெக்டோசுக்கு ஒன்று. அந்த ஒன்று எந்தக் கன்னம் என்றும் ஞாபகம் வந்தது.

ஆனாலும் பெருமையாகத்தான் இருந்தது. அதையும் எழுதிவிடுகிறேன். கடைசியில் அவளும் ஒரு சேலத்துப் பையனும் நின்றார்கள். அவன் விழுந்தான். இவள் ஜெயித்தாள். மண்டபம் முழுவதும் எழுந்து கைதட்டியது. என்னை மீறி அழுதுவிட்டேன். "என் பெண்" என்றேன், பக்கத்திலிருந்தவர் என் கையைப் பிடித்துக் குலுக்கினார்.

நடுவர் அம்மா அவளுக்கு இடது பக்கம் வந்து நின்று ஏதோ கேட்டார். நந்திதா நேராகவே பார்த்துக்கொண்டிருந்தாள். மறுபடி கேட்டார். பிறகு தோளைத் தொட்டார். நந்திதா முழுதாகச் சுற்றி வலது காதைக் காட்டினாள். மைக்கில் எல்லோருக்கும் கேட்கும்படி நடுவர் மூன்றாம் முறை கேட்டார்: இவ்வளவு கஷ்டமான சொற்களை எப்படிம்மா ஞாபகம் வைத்தாய், ரகசியத்தை எங்களுக்கும் சொல்லேன்.

அவள் பையிலிருந்து நோட்டை எடுத்தாள். ஆங்கிலத்திலேயே சொன்னாள்.

"மை ஃபாதர் ஹிட் மீ ஃபார் திஸ் வேர்ட். ஃபோர் டைம்ஸ். ஆன் திஸ் டே."

பக்கத்தைத் திருப்பினாள்.

"ஃபார் திஸ் வேர்ட் ஹி ஹிட் மை ஃபேஸ். ஐ கேனாட் ஹியர் இன் திஸ் இயர்."

இன்னொரு பக்கம்.

"ஹி ஷட் த டோர் ஆன் மை மதர்ஸ் ஹேண்ட். ஷி இஸ் சிட்டிங் தேர். ப்ளீஸ் டோன்ட் செண்ட் அஸ் ஹோம்."

எழுநூறு சொல் கற்றுக்கொடுத்தேன். அதில் ஒன்றையும் அவள் எடுக்கவில்லை. எல்லாம் ஒன்றாம் வகுப்புப் பிள்ளைக்குத் தெரிந்த சொற்கள். ஹிட், இயர், டோர், ஹேண்ட், ஹோம். எதிலும் ஒரு பிழை இல்லை.

பூங்கொடி எனக்குப் பக்கத்திலிருந்து எழுந்தாள். கட்டுப்போட்ட கையை ஐந்நூறு பேருக்கும் தெரியும்படி உயர்த்திக்கொண்டே மேடைக்கு நடந்தாள். எஸ்தர் மிஸ் போய் நந்திதாவைக் கட்டிக்கொண்டார். வாசலில் தங்கமுத்து நின்றிருந்தார், இருவரையும் தன்னோடு கூட்டிப்போக. அன்று அழுதுகொண்டே போனவர் எஸ்தர் மிஸ்ஸிடம்தான் போயிருக்க வேண்டும், எல்லாம் பேசி வைத்திருக்கிறார்கள். எனக்கு மட்டும் தெரியவில்லை.

இப்போது மகளிர் காவல் நிலையத்திலிருந்து ஒருவர் வந்து போனார். நாளை காலை பத்து மணிக்கு வரச் சொல்லியிருக்கிறார்கள். "அப்பா ஒரு பெரிய நோட்டில் தினமும் எழுதுவார்" என்று நந்திதா சொன்னாளாம், அதையும் கொண்டுவர வேண்டுமாம். சில பக்கங்களைக் கிழித்துவிடலாமா என்று யோசித்தேன். பக்க எண் போட்ட பதிவேடு. இருபத்தாறு வருட சர்வீஸில் ஒரு தாளைக் கிழித்தவன் இல்லை நான். தவிர, இதைப் படித்தால் இந்தப் பிள்ளைக்காக நான் எவ்வளவு பாடுபட்டேன் என்பது யாருக்கும் விளங்கும்.

பிப்ரவரி 11, செவ்வாய்

பதிவேடு அவர்களிடம் இருக்கிறது. இது வேறு தாள். ஏட்டம்மா கொடுத்தது.

பதினோரு மணிக்கு இன்ஸ்பெக்டர் அம்மா வந்தார். என்னைவிட வயதில் சின்னவர். பதிவேட்டைப் பிரித்துச் சற்று நேரம் படித்துவிட்டு என் பக்கம் தள்ளினார்.

"நீங்களே படிங்க. சத்தமா படிங்க. புரியாத வார்த்தை வந்தா நான் கேக்கறேன்."

நானும் படித்தேன். டிசம்பர் 11க்கு வந்தபோது கையை உயர்த்தினார்.

"எக்கிமோசிஸ்னா?"

"தோலுக்கடியில ரத்தம் கட்டறதுங்க."

"யாருக்கு?"

"சம்சாரத்துக்குங்க."

ஏட்டம்மா எழுதிக்கொண்டார். மேலே படித்தேன்.

"டின்னிட்டஸ்?"

"காதுக்குள்ள இரைச்சல் கேக்கறதுங்க."

"யாரு காதுல?"

"எம் புள்ள காதுல."

"ஓட்டோரியா?"

"சீழ் வடியறதுங்க."

"எதனால வடிஞ்சுது?"

சளியினால் என்று பதிவேட்டில் எழுதியிருந்தேன். அதைப் படிக்கப் போனேன், வாய் வரவில்லை. இன்ஸ்பெக்டர் அவசரப்படவில்லை. பேனாவை மூடி வைத்துவிட்டுக் காத்திருந்தார். இதே மாதிரி நானும் ஸ்கேலைக் கையில் வைத்துக்கொண்டு அவள் வாயைப் பார்த்துக் காத்திருப்பேன். அவளுக்கு அப்போது எப்படி இருந்திருக்கும் என்று முதன்முதலாக நினைத்தேன்.

"அர்த்தம் தெரியாதா, சொல்ல வரலையா?" என்றார்.

"நான் அடிச்சதுனாலதாங்க" என்றேன்.

அவர் பேனாவைத் திறந்தார். "அடுத்தது படிங்க" என்றார்.

கடைசிப் பக்கம் வரை படித்தேன். எழுதியிருந்த எல்லாச் சொல்லுக்கும் தமிழில் அர்த்தம் சொன்னேன். ஒன்றுகூடத் தப்பவில்லை. லாக்ரிமோஸை மட்டும் அவர் கேட்காமல் விட்டுவிட்டார். நான் அழுதுகொண்டிருந்ததால் இருக்கலாம்.